பம்பாயில் ஒரு சீர்திருத்தத் தொழுகைக்கூடம்



குற்றாலத்துச் சாரலில் அமர்ந்துகொண்டு பம்பாய் யூதர்களைப் பற்றிப் பேசுவானேன் என்று தாங்கள் கருதலாம். நெல்லைச் சீமையிலிருந்து பிழைப்பு நாடித் தாராவி சென்றோர் பலர். அந்நகரத்து யூதர்களின் வரலாறு நமக்கும் ஒரு வினாவை எழுப்புகிறது.

'பெனே இஸ்ரேல்' எனப்படும் அவர்களின் தாய்மொழி மராத்தி. கொங்கணக் கரையில் கப்பல் உடைந்து ஒதுங்கியோரின் வழியினர் எனத் தம்மைக் கூறிக்கொள்வர். செக்காட்டுவது அவர்தம் பழந்தொழில். சனிக்கிழமை ஓய்வுநாள், அன்று செக்கு ஓடாது. ஆதலின் ஊரார் அவர்களைச் 'சனிவாரத் தேலி', அதாவது சனிக்கிழமை வாணியர், என்றனர். 1796இல் சாமுவேல் எசக்கியேல் திவேகர் பம்பாயில் அவர்களுக்கு முதல் தொழுகைக்கூடம் எழுப்பினார்.

மரபான யூதத் தொழுகை எபிரேயத்தில் நிகழும். பெண்கள் தனியிடத்தில் அமர்வர். 1902இல் இலண்டனில் லில்லி மாண்டேகு அம்மையாரும் கிளாட் மாண்டிபியோரும் யூத சமய ஒன்றியத்தைத் தொடங்கி, ஆங்கிலத்திலும் வழிபட்டனர். ஆணும் பெண்ணும் ஒருங்கே அமர்ந்தனர். மருத்துவம் பயில இலண்டன் சென்ற ஜெரூஷா ஜிராத் என்னும் பெனே இஸ்ரேல் பெண்மணியை அவ்வியக்கம் ஈர்த்தது. 1919இல் எம்.டி. பட்டம் பெற்ற அவரது முயற்சியால் 1925இல் பம்பாயிலும் அத்தகைய ஒன்றியம் தோன்றியது. உலக முற்போக்கு யூத ஒன்றியமே அதற்கு அடுத்த ஆண்டில்தான் அமைந்தது! பம்பாய் ஒன்றியத்தின் தொழுகைக்கூடத்திற்கு 'ரோதெப் ஷாலோம்' என்று பெயர். 'அமைதியை நாடுவோன்' என்பது பொருள். பின்னாளில் காமா மருத்துவமனையின் தலைமைப் பொறுப்பை வகித்த ஜிராத், 1966இல் பத்மஸ்ரீ விருதும் பெற்றார்.

1948இல் இஸ்ரேல் நாடு அமைந்தபின் பெனே இஸ்ரேலர் பெரும்பாலோர் அங்குக் குடிபெயர்ந்தனர். 1957இல், ஆஷ்விட்சு வதைமுகாமிலிருந்து உயிர் தப்பிய ஹியூகோ கிரின் என்னும் இளங்குரு பம்பாய்க்கு வந்து, சுருங்கிவந்த அச்சமூகத்தின் முற்போக்குச் சபையில் சில ஆண்டுகள் பணியாற்றினார்.

சிறிய சமூகத்திற்கு மாற்றம் அச்சம் தருவது இயல்பே. மரபைத் தளர்த்தினால் கரைந்துபோவோமோ என்பது ஓர் அச்சம். பொருள் விளங்காது ஓதினால் பிள்ளைகள் விலகிப்போவரோ என்பது மற்றோர் அச்சம். இரண்டும் நேர்மையானவை. எண்ணிக்கையால் சிறுத்திருந்தும் ஜிராத் அம்மையார் மாற்றத்தின் பக்கம் நின்றார்.

கோயில்களில் தமிழ் ஒலிக்கவேண்டும் என்று வாதிடும் நமக்கு அந்த வினா அயலானதன்று. பாட்டின் பொருள் கேட்போர் நெஞ்சில் இறங்கவேண்டும் என்று உழைத்த இரசிகமணி டி.கே.சி. வாழ்ந்த மண் இது. பத்தாண்டு கண்ட நம் வட்டமும் சிறியதே. தாய்மார்கள் முன்வரிசையில் அமரவும், இளைஞர்க்கு விளங்கும்படி நாம் பேசவும் வழி செய்திருக்கிறோமா என்று இன்று நம்மையே கேட்டுக்கொள்வோம்.