பழியைச் சுமந்த அமைச்சர்

தோற்ற தலைவனுக்குத் துணை நிற்பது எளிதன்று. அத்தோல்விக்கு நீயே காரணம் என்று பிறர் பழிக்கும்போது நின்று பணிபுரிதல் அதனினும் அரிது. அவ்வாறு பணிபுரிந்தவர் யப்பானிய சாமுராய் வீரரும் அமைச்சருமாகிய நவோயே கனெட்சுகு.

அவர் 1560 ஆம் ஆண்டில் எச்சிகோ நாட்டிலே பிறந்தார். இளமையிலேயே உயெசுகி ககெகட்சு என்னும் சிற்றரசரின் பணியில் அமர்ந்தார். 1581 இல், ஆண்வழி அற்றுப்போன நவோயே குடியில் மணம்புரிந்து அக்குடிப்பெயரை ஏற்றார். 1598 இல் பேரதிகாரம் பெற்றிருந்த ஹிதெயோஷி, ககெகட்சுவை ஐசு நாட்டுக்கு மாற்றினார். நாட்டின் வளத்தை நெல்விளைவால் அளப்பது அக்கால வழக்கம். ஒருவர் ஓராண்டு உண்ணப் போதிய அரிசியை ஒரு கோகு என்பர். ககெகட்சுவின் புதிய நாடு 12 இலட்சம் கோகு மதிப்புடையது. அதிலே யொனெசாவாப் பகுதி கனெட்சுகுவின் பொறுப்பில் விடப்பட்டது.

அவ்வாண்டிலேயே ஹிதெயோஷி இறந்தார். அதிகாரம் தொக்குகாவா இயேயாசுவின் கையை நோக்கி நகர்ந்தது. ககெகட்சு கோட்டை கட்டுவதும் படைக்கலம் சேர்ப்பதும் ஏன் என விளக்கங் கேட்டபோது, பணியாத மறுமொழி ஒன்று சென்றது. அதனை எழுதியவர் கனெட்சுகு என்பது வழிவழி வந்த செய்தி. 1600 இல் செக்கிகஹாராப் போரிலே இயேயாசு வென்றார். மறு ஆண்டில் ககெகட்சுவின் 12 இலட்சம் 3 இலட்சமாகக் குறைக்கப்பட்டது. முன்னர் அமைச்சரின் பொறுப்பிலிருந்த யொனெசாவாவே இப்போது அரசரின் நாடாயிற்று.

வருவாய் நாலில் ஒன்றாயிற்று. வீரர் தொகையோ குறையவில்லை. ஏறத்தாழ 6,000 குடும்பங்கள் உடன் வந்தன என்பர். அவர்களைக் கைவிடுதலே கணக்குக்குப் பொருந்தும் வழி. எனினும் ககெகட்சுவும் கனெட்சுகுவும் அதற்கு இசையவில்லை. ஊதியங்கள் குறைக்கப்பட்டன, கீழ்நிலை வீரர்கள் நகர்ப்புறத்திலே குடியேற்றப்பட்டனர். வாள் ஏந்திய கைகள் மண்வெட்டியும் ஏந்தின.

வெள்ளத்தால் ஊரை அழித்துவந்த மட்சுகாவா ஆற்றுக்குக் கனெட்சுகு கற்கரை எழுப்பினார். அதன் பகுதிகள் அவர் பெயராலேயே இன்றும் வழங்குகின்றன. வறுமைக்கிடையிலும் அவர் கல்வியை மறக்கவில்லை. 1607 இல் வென் சுவான் என்னும் பழைய சீன இலக்கியத் தொகுப்பைச் செப்பு அச்செழுத்துக்களால் கியோத்தோவிலே பதிப்பித்தார். 1618 இல் யொனெசாவாவில் கோயில் ஒன்றை நிறுவி, இளைஞர் கற்குமாறு நூல்களைச் சேர்த்துவைத்தார்.

அவருடைய மகன் 1615 இல் இறந்தான். 1620 ஆம் ஆண்டுத் தொடக்கத்தில் கனெட்சுகு ஏடோ நகரிலே காலமானபோது நவோயே குடி அவரோடு முடிவுற்றது. நாட்டைச் சுருங்கச் செய்தவர் என்ற பழி அவர் மறைந்த பின்னும் நெடுங்காலம் நீடித்தது. அப்பழி முற்றும் பொய்யென்று கூறுவதற்கில்லை. ஆயினும் தவறிய ஒரு முடிவின் விலையைப் பிறர் தலையில் ஏற்றாது, எஞ்சிய பத்தொன்பது ஆண்டுகளையும் அதனை ஈடுசெய்வதிலேயே அவர் செலவிட்டார். வென்றவர் பெயரைப் போர்க்களம் சொல்லும். கனெட்சுகுவின் பெயரை ஓர் ஆற்றங்கரை சொல்லுகின்றது.