பெயரில் தங்கிய நாடி
(அறக்கட்டளைச் சொற்பொழிவு)



மருத்துவத்தில் தமிழ், தமிழில் மருத்துவம் ஆகிய இரண்டில் எதைப் பற்றியும் பேசலாம் என்பது இந்த அறக்கட்டளையின் விதி. விதி அகலமாக இருப்பதால் நான் ஒரே ஒரு சொல்லோடு நின்றுகொள்கிறேன்: ஸ்பிக்மோமானோமீட்டர்.

தமிழில் எழுதினால் பத்து எழுத்து. முதலாண்டுத் தேர்வில் பிழையில்லாமல் எழுதுவதற்காக மாணவர்கள் இதை மனப்பாடம் செய்வார்கள். தேர்வு முடிந்த மறுநாளே மறந்தும் போவார்கள். வார்டில் அது பி.பி. அப்பரட்டஸ். நோயாளிக்குப் பிரஷர் பார்க்கிற மிஷின். முழுப் பெயர் பாடப் புத்தகத்திலும், ஸ்டோருக்குப் போகும் கொள்முதல் பட்டியலிலும்தான் உயிர் வாழ்கிறது. இப்படி எல்லாரும் கைவிட்ட பெயருக்குள் என்ன இருக்கிறது என்று பிரித்துப் பார்த்தால், இன்றைக்கும் வார்டுக்குப் பயன்படக்கூடிய ஒன்று அதில் அகப்படுகிறது. அதைச் சொல்லத்தான் வந்தேன்.

இந்தப் பெயரில் மூன்று துண்டுகள், மூன்றும் கிரேக்கம். ஸ்பிக்மோஸ் என்றால் நாடித்துடிப்பு. மானோஸ் என்றால் அடர்த்தி குறைந்தது, ஐதானது. மெட்ரான் என்றால் அளவு. சேர்த்துப் படித்தால் ‘நாடியின் ஐதுமையை அளப்பது’ என்று வரும். இரத்தம் என்ற சொல் இதில் இல்லை. அழுத்தம் என்ற சொல்லும் இல்லை. உலகமெங்கும் இரத்த அழுத்தம் பார்க்கப் பயன்படும் கருவியின் பெயரில் அந்த இரண்டுமே கிடையாது!

நடுத்துண்டின் வரலாறு சுருக்கமானது. பதினெட்டாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பியர் வாரின்யோன் என்ற பிரெஞ்சுக் கணித அறிஞர், காற்று எவ்வளவு அடர்த்தியாக அல்லது ஐதாக இருக்கிறது என்று காட்டும் கருவிக்கு மானோமீட்டர் என்று பெயர் வைத்தார். பிறகு அதே பெயர் வாயு, நீர் என எதன் அழுத்தத்தை அளக்கும் கருவிக்கும் ஆகிவந்தது. பொருள் மாறிவிட்டது, பெயரை யாரும் மாற்றவில்லை.

முதல் துண்டுதான் நமக்கு வேண்டியது. நாடி எப்படி இதற்குள் வந்தது?

அழுத்தத்தை முதலில் அளந்தவர் நாடியைத் தொடவே இல்லை. லண்டனை அடுத்த டெடிங்டன் என்னும் ஊரின் பாதிரியார் ஸ்டீபன் ஹேல்ஸ், ஒரு பெண் குதிரையை மல்லாக்கக் கட்டிப்போட்டு, தொடைத் தமனியைக் கீறிப் பித்தளைக் குழாயைச் செருகி, அதன்மேல் 9 அடி நீளக் கண்ணாடிக் குழாயை நிறுத்தினார். இரத்தம் 8 அடி 3 அங்குலம் ஏறி நின்றது. ஒவ்வொரு துடிப்புக்கும் மேலும் கீழும் ஆடியது. இது 1733இல் வெளிவந்த அவருடைய நூலில் இருக்கிறது. இன்றைய கணக்கில் அது ஏறத்தாழ 195 மில்லிமீட்டர் பாதரசம். கட்டிப்போட்டுக் கீறப்பட்ட குதிரைக்கு அவ்வளவு இருந்ததில் வியப்பில்லை. ஆனால் மனிதருக்கு இந்த வழி ஆகாது. 9 அடிக் குழாயை வைத்துக்கொண்டு யாரும் மருத்துவம் பார்க்க முடியாது.

1828இல் பிரான்சில் புவாசேய், குழாயில் பாதரசத்தை நிரப்பி உயரத்தைச் சுருக்கினார். நாம் இன்றும் சொல்லும் மில்லிமீட்டர் பாதரசக் கணக்கு அங்கே தொடங்குகிறது. அவரும் தமனியைக் கீறித்தான் அளந்தார்.

தோலைக் கீறாமல் அளக்க வேண்டுமென்றால் உள்ளே இருக்கும் அழுத்தத்தை வெளியிலிருந்து எப்படி அறிவது? விடை நாடி பார்ப்பவர்களின் கையிலேயே இருந்தது. மணிக்கட்டுத் தமனியைக் கொஞ்சம் கொஞ்சமாக அழுத்தினால் ஒரு கட்டத்தில் அதற்கு அப்பால் துடிப்பு நின்றுவிடும். துடிப்பை நிறுத்த எவ்வளவு அழுத்தம் வேண்டியிருந்ததோ, உள்ளே அவ்வளவு இருக்கிறது. 1881இல் வியன்னாவின் சாமுவேல் ஃபான் பாஷ் இதைக் கருவியாக்கினார். நீர் நிரப்பிய சிறு ரப்பர்க் குமிழைத் தமனிமேல் வைத்து அழுத்துவார். குமிழில் ஏறும் அழுத்தத்தை மானோமீட்டர் காட்டும். துடிப்பு நின்றதா என்பதை மறுகையின் விரல் சொல்லும். நாடிக்கான மானோமீட்டர் என்ற பெயர் இந்தக் கருவிக்கு அச்சொட்டாகப் பொருந்தியது. (இந்தப் பாஷ், மெக்சிகோவில் 1867இல் சுட்டுக் கொல்லப்பட்ட பேரரசர் மாக்சிமிலியனின் சொந்த மருத்துவர். அரசரை இழந்து ஊர் திரும்பியவர்தான் பிறகு நாடிக்கு அளவு கண்டார்.)

1896இல் இத்தாலியின் டூரின் நகரில் சிப்பியோனே ரிவா-ரோச்சி, மணிக்கட்டை விட்டு மேல்கைக்குப் போனார். கையைச் சுற்றிக் கட்டும் காற்றுப்பை அவர் தந்தது. சைக்கிள் டியூப், மைக்கூடு, செம்புக் குழாய் என்று கிடைத்ததைச் சேர்த்துச் செய்த கருவி அது. அவரும் நாடி மறையும் புள்ளியை விரலால்தான் கண்டார். ஆகவே மேல் அளவு மட்டும் கிடைத்தது, கீழ் அளவு கிடையாது. அவருடைய காற்றுப்பை, அதாவது கஃப், 5 சென்டிமீட்டர் அகலம்தான். அவ்வளவு குறுகலாக இருந்தால் அளவு கூடுதலாகக் காட்டும் என்று ஃபான் ரெக்லிங்ஹவுசன் 1901இல் சுட்டிக்காட்டி அதை அகலப்படுத்தினார். பருத்த கைக்குச் சிறிய கஃப் கட்டி, இல்லாத பிரஷரை எழுதிவைக்கும் பிழை இன்றைக்கும் நம் புறநோயாளிப் பிரிவுகளில் நடக்கிறது.

அதே 1901இல் பாவியா நகரின் மருத்துவமனைக்குச் சென்ற அமெரிக்க மூளை அறுவை வல்லுநர் ஹார்வி குஷிங், இந்தக் கருவியைக் கண்டு பால்டிமோருக்குக் கொண்டுபோனார். தேர்ந்த விரலுக்கு முன் இது எதற்கு என்று கேட்ட மருத்துவர்கள் அந்த நாட்டில் நிறையப் பேர். அவர்களைப் பழமைவாதிகள் என்று ஒதுக்க எனக்கு மனம் வரவில்லை. அவர்கள் விரல் உண்மையிலேயே தேர்ந்த விரல்.

அதன்பின் 1905. பீட்டர்ஸ்பர்க் இராணுவ மருத்துவ அகாதமியில் நிக்கோலாய் கொரத்கோவ் என்னும் இளம் அறுவை மருத்துவர் ஒரு பக்கத்துக்கும் குறைவான அறிக்கை படித்தார். கஃபுக்குக் கீழே தமனிமேல் ஸ்டெத்தஸ்கோப்பை வைத்து, காற்றை மெல்ல இறக்கினால் ஓரிடத்தில் ‘டக், டக்’ என்று ஒலி தொடங்கும். அது மேல் அளவு. ஒலி மறையுமிடம் கீழ் அளவு. இரண்டு எண்ணும் ஒரே இறக்கத்தில் கிடைத்துவிட்டன. அன்றிலிருந்து வேலை விரலிடமிருந்து காதுக்குப் போனது. பெயர் மட்டும் விரலோடு நின்றுவிட்டது.

இனி வழக்குக்கு வருகிறேன். ஜெர்மன் பேசும் நாடுகளில் நோயாளியின் அட்டையில் அழுத்தத்தை ஆர்.ஆர். என்று குறிக்கிறார்கள். ரிவா-ரோச்சியின் தலைப்பெழுத்துகள் அவை. கண்டுபிடித்தவரின் பெயரே அளவின் பெயராகிவிட்டது. பிரெஞ்சுக்காரர் 120/80 என்று சொல்வதில்லை, பன்னிரண்டு-எட்டு என்பார்கள். அவர்கள் கணக்கு சென்டிமீட்டரில். அறிவியல் உலகம் பாஸ்கலுக்கு மாறிய பிறகும் இந்த ஒரு துறை பாதரசத்தை விடவில்லை.

நம் வழக்கு இவற்றையெல்லாம் விடச் சுவையானது. ஆரம்பச் சுகாதார நிலையத்தில் நடக்கும் பேச்சு இது:

“எவ்வளவு காட்டுதும்மா?”

“நூத்தி அம்பதுக்குத் தொண்ணூறு, பாட்டி.”

“மேல் பிரஷர் கெடக்கட்டும், கீழ் பிரஷர்தானே ஆபத்துங்கறாங்க?”

சிஸ்டோல், டயஸ்டோல் என்றும், சுருங்கழுத்தம், விரிவழுத்தம் என்றும் புத்தகங்கள் தடுமாறிக்கொண்டிருக்க, மேல் பிரஷர், கீழ் பிரஷர் என்று மக்கள் முடித்துவிட்டார்கள். எண் எழுதும் இடத்தைப் பார்த்து வைத்த பெயர். கலைச்சொல் குழு கூடி இதைவிட நல்லது செய்திருக்க முடியாது என்பது என் எண்ணம். பாட்டியின் பயம் மட்டும் பாதி சரி. வயதானவர்களுக்கு மேல் எண்ணைத்தான் கூடுதலாகக் கவனிக்க வேண்டும்.

ஆனால் வேறொரு வழக்கு ஆளையே கெடுக்கிறது. “உங்களுக்கு பி.பி. இருக்கா?” என்று கேட்கிறோம். அழுத்தம் இல்லாதவர் உயிரோடு இருக்க முடியாது. இருந்தாலும் உயர் என்ற அடைமொழி உதிர்ந்து, அளவின் பெயரே நோயின் பெயராகிவிட்டது. சுகர் இருக்கு என்பதும் இதே அச்சுதான். வழக்கு என்ற அளவில் இதில் குற்றமில்லை. ‘இருக்கு’ என்று சொன்னால் ‘போயிடுச்சு’ என்றும் சொல்லலாம் அல்லவா, வினை அங்கேதான். மாத்திரை சாப்பிட்டதால் 130/80 காட்டும். “பிரஷர் போயிடுச்சு, அதான் மாத்திரையை நிறுத்திட்டேன்” என்பார் நோயாளி. அடுத்த முறை வரும்போது கை கால் விழுந்து வருவார். ஹைப்பர்டென்ஷன் என்ற சொல்லும் தன் பங்குக்குத் தொல்லை தருகிறது. தமிழில் டென்ஷன் என்றால் கவலை, பதற்றம். “நான் எதுக்குமே டென்ஷன் ஆகறதில்லையே டாக்டர், எனக்கு எப்படி வந்துச்சு?” என்று கேட்பவர் தமிழ் தெரிந்துதான் கேட்கிறார். இரத்தக்குழாய்ச் சுவரின் இறுக்கத்தைச் சொன்ன சொல் இங்கே வந்து மனசைப் பிடித்துக்கொண்டது. இரத்த அழுத்தம் என்று முழுதாகச் சொன்னால் இந்தக் குழப்பம் வராது என்றிருந்தோம். இப்போது மன அழுத்தம் என்ற தொடர் எங்கும் பரவி, அழுத்தம் என்ற சொல்லையும் அதே பக்கம் இழுக்கிறது.

இலங்கைத் தமிழில் அது குருதி அமுக்கம். இயற்பியலிலும் அவர்களுக்கு அமுக்கம்தான். கஃப் தமனியை என்ன செய்கிறதோ அதை அமுக்குதல் என்ற சொல் கண்முன் நிறுத்துகிறது, மனசோடும் ஒட்டுவதில்லை. யாழ்ப்பாணத்தில் தமிழிலேயே மேலை மருத்துவம் கற்பித்து, வேதியியலைக் ‘கெமிஸ்தம்’ ஆக்கிய மானிப்பாய் மருத்துவர் சாமுவேல் ஃபிஸ்க் கிரீன் 1884இல் மறைந்தார். பாஷின் கருவி அதற்கு மூன்றாண்டு முன்புதான் வெளிவந்திருந்தது. அவர் கையில் ஸ்பிக்மோமானோமீட்டர் என்ற சொல் சிக்கியிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று கற்பனை செய்து பார்ப்பதுண்டு. தமிழ்நாட்டுக் கலைச்சொல் இரத்த அழுத்தமானி. கிரேக்கப் பெயர் சொல்லாத இரண்டையும், இரத்தத்தையும் அழுத்தத்தையும், இது சொல்லிவிடுகிறது. நல்ல பெயர். நாடி மட்டும் விடுபட்டுப்போனது.

விடுபட்டால் என்ன? மாணவர்களே, உங்களுக்காக இதைக் கொஞ்சம் விரித்துச் சொல்கிறேன். சில நோயாளிகளுக்கு, முக்கியமாக முதியவர்களுக்கும் நாள்பட்ட உயர் அழுத்தம் உள்ளவர்களுக்கும், கொரத்கோவ் ஒலி தொடங்கி, நடுவில் அடங்கி, மறுபடி தொடங்கும். ஒருவருக்கு 200இல் ஒலி தொடங்கி, 180இல் அடங்கி, 150இல் திரும்ப வருகிறது என்று வையுங்கள். அவசரத்தில் நீங்கள் கஃபை 170 வரை மட்டும் ஊதினால் அந்த அமைதிக்குள் நுழைகிறீர்கள். முதலில் கேட்பது 150. அப்படியே எழுதி அனுப்பிவிடுவீர்கள். 200 உள்ளவர் 150 என்ற சீட்டோடு வீட்டுக்குப் போவார். காது ஏமாறும் இந்த இடத்தில் விரல் ஏமாறாது. அமைதியான அந்த இடைவெளியிலும் மணிக்கட்டில் நாடி அடித்துக்கொண்டிருக்கும். ஆகவேதான் முதலில் நாடியில் விரல் வைத்து ஊதி, அது மறையும் எண்ணைக் குறித்து, காற்றை இறக்கி, பிறகு அந்த எண்ணுக்கு மேல் 30 வரை ஏற்றி ஸ்டெத்தை வைக்கச் சொல்கிறோம். ரிவா-ரோச்சியின் முறையும் கொரத்கோவின் முறையும் ஒன்றன்பின் ஒன்றாக. செய்முறைத் தேர்வில் எல்லாரும் ஒழுங்காகச் செய்கிறார்கள். வார்டில் கூட்டம் நிற்கும்போது முதலில் உதிர்வது இந்தப் படிதான்.

கருவியும் மாறிவருகிறது. பழைய பாதரசப் பெட்டி போய்க்கொண்டிருக்கிறது. மூடியைத் தூக்கினால் எழுந்து நிற்கும் கண்ணாடிக் குழாய், உட்சுவரில் கரும்பொடியாய்ப் படிந்த அழுக்கு, நாடிக்கு நாடி நுனியில் மெல்லக் குதிக்கும் வெள்ளித் தண்டு, வேலை முடிந்ததும் பெட்டியைச் சாய்த்துப் பாதரசத்தை உள்ளே இறக்கித் திருகும் சிறு தாழ்: ஒரு தலைமுறைக்கு இவை கையின் பழக்கம். சாய்க்க மறந்தால் பாதரசம் வெளியில் ஒழுகித் தரையில் உருளும். தரையில் உருண்டது ஆவியாகி நுரையீரலுக்குள் போகும் என்பதை அப்போது யாரும் பொருட்படுத்தியதில்லை. 2013இல் கையெழுத்தான மினமாட்டா உடன்படிக்கை, பாதரச தெர்மாமீட்டரையும் இதையும் விலக்க வேண்டிய பட்டியலில் சேர்த்தது. பெட்டி போனாலும் மில்லிமீட்டர் பாதரசம் என்ற அலகு போகவில்லை.

இப்போது வந்திருப்பது பட்டனைத் தட்டினால் தானே ஊதிக்கொள்ளும் டிஜிட்டல் கருவி. 2021 ஆகஸ்டில் தொடங்கிய மக்களைத் தேடி மருத்துவம் திட்டத்தில் வீடு வீடாகப் போகும் பெண்கள் பையில் இருப்பது இந்த வகைதான். இது ஒலி எதையும் கேட்பதில்லை. தமனியின் துடிப்பு கஃபுக்குள் இருக்கும் காற்றை எவ்வளவு அதிரச் செய்கிறது என்று பார்க்கிறது. அதிர்வு உச்சத்தில் இருக்கும் இடம் சராசரி அழுத்தம். அதிலிருந்து மேல், கீழ் எண்களைத் தயாரிப்பாளரின் சூத்திரம் கணக்கிட்டுத் தருகிறது. பாதரசமும் இல்லை, குழாயும் இல்லை, காதுக்கும் வேலையில்லை. நூறாண்டுக்கு மேல் பொருந்தாமல் கிடந்த பெயர் இந்தக் கருவிக்குத்தான் மறுபடி பொருந்துகிறது. நாடியை மட்டுமே நம்பி வேலை செய்யும் கருவி இது.

நாடியை நம்புவதால் நாடி தாறுமாறானால் இதுவும் தடுமாறும். இதய மேலறை நடுக்கம் உள்ளவரிடம் ஒரு துடிப்புக்கும் மறு துடிப்புக்கும் வலு வேறு, இடைவெளி வேறு. அடுத்தடுத்து மூன்று முறை தட்டினால் மூன்று எண் காட்டும், சில வேளை பிழை என்று காட்டி நின்றுவிடும். கருவி பழுது என்று அதைத் திருப்பி அனுப்புகிறார்கள். ஆகவே கஃபைக் கட்டும் முன் மணிக்கட்டில் அரை நிமிடமாவது விரல் வையுங்கள். துடிப்பு சீராக இல்லையென்றால் டிஜிட்டலை ஓரமாக வைத்துவிட்டு ஸ்டெத்தை எடுங்கள். காற்றை நொடிக்கு 2 மில்லிமீட்டருக்கு மேல் இறக்காமல், இரண்டு மூன்று முறை அளந்து சராசரி எழுதுங்கள். நாடி சீராக இல்லை என்பதையும் அந்த எண்ணுக்குப் பக்கத்திலேயே எழுதி, ஈ.சி.ஜி. எடுக்க அனுப்புங்கள். மேலறை நடுக்கம் பக்கவாதத்துக்குக் காரணமாகும். பிரஷர் சரியாக இருக்கிறது என்று திரும்பிப் போகும் ஒருவரிடம் அதைக் கண்டுபிடிக்க அந்த அரை நிமிடம் போதும்.