கொழுக்கட்டையும் கொஞ்சம் வேதியியலும்

(முன்னாள் மாணவர் சந்திப்பு விழாவில் ஆற்றிய உரை)



"நீ படித்த வேதியியல் வாழ்க்கையில் எங்கே பயன்பட்டது? நாலு வார்த்தை பேசு" என்றார் சங்கச் செயலாளர். தொழிற்சாலையில் என்று சொன்னால் உங்களுக்கு ஆச்சரியம் இருக்காது. நான் சொல்லப்போவது ஆவடியில் என் வீட்டு அடுப்படியைப் பற்றி; உருளைக்கிழங்குப் பூரணம் வைத்த காரக் கொழுக்கட்டையைப் பற்றி. சிரிக்காதீங்க, விஷயம் இருக்கு!

எழுபது வயதுக்கு மேல் அம்மாவுக்குக் கை நடுக்கம் வந்துவிட்டது. சொப்பு பிடிக்க முடியவில்லை. அம்மா உட்கார்ந்து சொல்ல, நான் செய்ய ஆரம்பித்தேன். "தண்ணி எவ்வளவும்மா?" என்றால், "மாவு கேக்கிற அளவுடா" என்பாள். மாவு எப்படிக் கேட்கும்? விடை நம் வகுப்பறையில்தான் இருந்தது.

கோதுமை மாவைப் பிசைந்தால் அதிலுள்ள புரதம் ரப்பர் மாதிரி இழுத்துப் பிடிக்கும். அரிசி மாவில் அது கிடையாது. பச்சைத் தண்ணீரில் பிசைந்தால் சொப்பு வெடித்துவிடும். கொதிநீர் பட்டால் மாவுச்சத்து பாதி வெந்து, நீரை உறிஞ்சி உப்பி, அதுவே பசையாகிறது. நைசான அரிசி மாவு ஒரு டம்ளருக்கு ஒன்றேகால் டம்ளர் தண்ணீர். மாவு ரொம்பக் காய்ந்திருந்தால் ஒன்றரை. உப்பும் ஒரு ஸ்பூன் நல்லெண்ணெயும் சேர்த்து, தளதளவென்று கொதிக்கும்போது மாவைக் கொட்டிக் கிளறி மூடிவிடுங்கள். கை பொறுக்கும் சூட்டில் பிசைந்து, ஈரத்துணி போட்டு வையுங்கள்.

பூரணத்துக்கு எதிரி தண்ணீர். கால் கிலோ கிழங்கைத் தோலோடு முழுசாக வேகவையுங்கள்; நறுக்கிப் போட்டால் நீர் கோத்துக்கொள்ளும். சூட்டிலேயே உரித்து, ஆவி போகவிட்டு, கையால் மசியுங்கள். மிக்சி வேண்டவே வேண்டாம். செல்கள் உடைந்து மாவுச்சத்து வெளியே வந்து கோந்தாகிவிடும். கடுகு, உளுத்தம்பருப்பு, பச்சை மிளகாய், இஞ்சி, கறிவேப்பிலை, பெருங்காயம் தாளித்து, மஞ்சள்பொடி, உப்பு சேர்த்துப் புரட்டி, இறக்கியபின் எலுமிச்சை பிழியுங்கள்.

எலுமிச்சை அளவு மாவை எண்ணெய் தொட்ட கையில் எடுத்து, ஓரம் மெல்லிசாக, அடி சற்றுக் கனமாகச் சொப்பு செய்து, பூரணம் வைத்து மூடி, இட்லித் தட்டில் பத்து நிமிடம் வேகவிடுங்கள். ஈரக்கையால் தொட்டால் ஒட்டக்கூடாது. மேலே பளபளப்பு வரவேண்டும்.

நாம் கிழங்கை உள்ளே வைக்கிறோம். லித்துவேனியாவில் கிழங்கே மேல்மாவு! பச்சைக் கிழங்கைத் துருவி இறுக்கிப் பிழிந்து, அந்த நீரின் அடியில் படியும் மாவுச்சத்தைத் திரும்பச் சேர்த்து, உள்ளே கறி வைத்து வேகவைக்கிறார்கள். செப்பலின் ஆகாயக் கப்பல் போன்ற வடிவம் என்பதால் பெயரும் 'செப்பலினை'. அந்த ஊர்ப் பாட்டிக்கும் நம்ம ஊர்ப் பாட்டிக்கும் ஒரே பாடம்: நீரை அடக்கு, மாவுச்சத்தைப் பிடி.

தம்பி தங்கைகளே, படிப்பு முடிந்து உங்களில் பலர் அம்பத்தூர் எஸ்டேட்டிலும் பூந்தமல்லிப் பக்கமும் ஷிப்டு வேலைக்குப் போவீர்கள், அறை எடுத்துத் தங்குவீர்கள். ஒரு அடுப்பும் இட்லிப் பானையும் போதும், பட்டினியும் இல்லை, பரோட்டாவே கதி என்றும் இல்லை. முக்கியமாகத் தம்பிகளுக்குச் சொல்கிறேன், அடுப்படி அக்கா தங்கைக்கு மட்டும் எழுதிவைத்த இடமில்லை.

கைப்பக்குவம் என்று நாம் சொல்வது, யாரும் எழுதி வைக்காத அறிவு. அந்தக் கை ஓய்ந்தால் அதுவும் போய்விடும். என் அம்மா கையில் இருந்தது இப்போது என் நோட்டில் டம்ளர் கணக்காக இருக்கிறது. என் மகன் அதைப் பார்த்துச் செய்கிறான். இந்த வாரமே உங்கள் வீட்டில் பெரியவர்களிடம் ஒரு பலகாரத்தைக் கேளுங்கள். பக்கத்தில் நின்று அளந்து எழுதுங்கள். "ஏன்?" என்று ஒரு தடவையாவது கேளுங்கள். கேட்கத்தானே இந்தக் கல்லூரி நமக்குக் கற்றுக்கொடுத்தது!