ஐயம் கொள்ளும் துணிவு



கணக்கின் விடையை ஒருமுறை சரிபார்த்த பின்பே கொப்பியை நீட்ட வேண்டும் என்று எமக்கு இங்குதான் கற்பித்தார்கள். சட்டத்துறைக்குச் சென்ற பழைய மாணவிகளாகிய நாம், அதே பழக்கம் ஓர் உயிரைக் காத்த கதையை இன்று சொல்ல விரும்புகிறோம்.

1924 பெப்ரவரி 4ஆம் திகதி, அமெரிக்காவின் கனெக்டிகட் மாநிலத்துப் பிரிட்ஜ்போர்ட் நகர வீதியில் ஹியூபர்ட் டாம் என்ற கத்தோலிக்கக் குருவானவர் சுட்டுக் கொல்லப்பட்டார். ஊர் கொதித்தது. சில நாட்களில் ஹரோல்ட் இஸ்ரேல் என்ற முன்னாள் இராணுவ வீரர் கைதானார். அவரிடம் கைத்துப்பாக்கி இருந்தது, குற்றத்தை ஒப்புக்கொண்டிருந்தார், சாட்சிகளும் இருந்தனர். குண்டு அந்தத் துப்பாக்கியினுடையதே என்று நிபுணர் ஒருவரும் கூறினார்.

வழக்கை நடத்த வேண்டியவர் அரச வழக்குத்தொடுநர் ஹோமர் கமிங்ஸ். வெற்றி கைக்கெட்டிய தூரத்தில் இருந்தும் அவர் ஒவ்வொரு சான்றையும் சோதித்தார். ஒப்புதல், நீண்ட விசாரணையில் சோர்ந்துபோனவரிடம் பெறப்பட்டது. பின்னர் அவர் அதை மறுத்திருந்தார். உணவகத்து யன்னலூடாக இஸ்ரேலைக் கண்டதாக அங்கு வேலைசெய்த பெண் கூறியிருந்தார். கமிங்ஸ் இரவில் அங்கு சென்று பார்த்தார். வெளியே போவோரின் முகம் தெரியவில்லை. துப்பாக்கியை மேலும் ஆறு நிபுணர்களிடம் கொடுத்தார். குண்டு அதிலிருந்து வந்ததல்ல என்றனர்.

மே 27ஆம் திகதி நீதிமன்றத்தில் எழுந்து, தமது வழக்கின் குறைகளைத் தாமே எடுத்துரைத்து, அதைக் கைவிடுவதாக அறிவித்தார். இஸ்ரேல் விடுதலையானார். உண்மைக் கொலையாளி இறுதிவரை அகப்படவில்லை. கமிங்ஸ் 1933இல் அந்நாட்டின் சட்டமா அதிபரானார்.

எமது சாட்சியக் கட்டளைச் சட்டம் பொலிஸ் அதிகாரியிடம் அளிக்கும் குற்ற ஒப்புதலை ஏற்பதில்லை. ஆனால் 1979ஆம் ஆண்டின் பயங்கரவாதத் தடைச் சட்டம், உதவிப் பொலிஸ் அத்தியட்சகர் தரத்துக்குக் குறையாத அதிகாரியிடம் அளித்ததைச் சான்றாக்கியது. அதன் விலையை எம் ஊர்த் தாய்மார் அறிவர். வழக்குத் தொடுப்பவரின் ஐயம் எமக்கு எவ்வளவு முக்கியம் என்பதை வேறு சொல்ல வேண்டியதில்லை.

தங்கைமாரே, நாளை நீங்களும் அரச தரப்பில் நிற்கக்கூடும். கையில் கிடைக்கும் கோவை எவ்வளவு நிறைவாகத் தெரிந்தாலும், ஒருமுறை அந்த யன்னலருகே போய் நின்று பாருங்கள்.