ராஜா கையில் யாருடைய துடைப்பம்?

(திருத்தணியில் குறும்படம் எடுக்கும் மாணவர்களிடையே பேசியதன் எழுத்து வடிவம்)



'உபு ராஜா' நாடகத்தைக் குறும்படமா எடுக்கலாமான்னு கேட்டீங்க. எடுக்கலாம். ஆல்ஃபிரட் ஜாரி எழுதி, 1896 டிசம்பரில் பாரிஸில் மேடையேறிய பிரதி அது. அபத்த நாடகத்துக்கு முன்னோடி. உபு, மன்னனைக் கொன்று அரியணை ஏறுகிறவன். வரிக்காகக் குடியானவன் வீட்டில் புகுந்து நொறுக்குகிறவன். முதல் மேடையேற்றத்தில் அவன் கையில் செங்கோலுக்குப் பதிலா கக்கூஸ் கழுவுகிற துடைப்பம். பாரிஸ் கனவான்கள் கொதித்துப்போனார்கள்.

அந்தத் துடைப்பத்தை அப்படியே நம்ம படத்தில் வைக்கலாமா? அங்கே கேலி ராஜா மேல விழுந்தது. மலம் அள்ளுவதைச் சாதியின் தலையில் கட்டிய இந்த மண்ணில் யார் மேல விழும்? 1993லும் 2013லும் சட்டம் போட்ட பிறகும் மலக்குழியில் இறங்கிச் சாகிறவர்கள் நம்மவர்கள். 'தோட்டி மாதிரி நிக்கிறான் பார்'னு ஆதிக்க சாதிக்காரன் சிரிப்பான். கொடுங்கோலன் தப்பிச்சிடுவான். அசிங்கப்படுறது நம்ம அம்மா.

தென்னாப்பிரிக்காவின் வில்லியம் கென்ட்ரிட்ஜ் 1997ல் உபுவை எட்டு நிமிடப் படமாக்கினார். கறுப்புப் பரப்பில் வெள்ளைக் கோட்டுச் சித்திரமாக உபு. ஊடே, போலீஸ் மக்களை விரட்டி அடிக்கும் நிஜச் செய்திப்படத் துண்டுகள். நிறவெறி ஆட்சியில் செய்த கொடுமையை முழுசா ஒப்புக்கொண்டால் மன்னிப்பு என்று உண்மை ஆணையம் விசாரித்துக்கொண்டிருந்த காலம் அது. அவர் உபுவைத் தன் மண்ணின் ஆவணத்துக்குள்ள நிறுத்தினார்.

நம்மகிட்டயும் ஆவணம் இருக்கு. 1968 டிசம்பர் 25 இரவு வெண்மணியில் 44 பேர் குடிசைக்குள் எரிக்கப்பட்டார்கள். 1973ல் சென்னை உயர்நீதிமன்றம் மிராசுதார்களை விடுவித்தது. பெரும் நிலக்காரர்கள், ஒருவர் காரும் வைத்திருப்பவர். இவர்களே நடந்துபோய்த் தீ வைத்திருப்பார்கள் என்று நம்புவது கடினமாம்! எந்த அபத்த நாடகக்காரனுக்கும் தோணாத வசனம் இது. இங்கிருந்து எல்லை தாண்டினா ஆந்திரா. அங்கே சுண்டூரில் 1991ல் எட்டு தலித்துகளைக் கொன்ற வழக்கிலும் 2014ல் உயர்நீதிமன்றம் எல்லாரையும் விடுவித்தது.

அதனால உபு கையில் துடைப்பம் வேணாம். கார் சாவியைக் கொடுங்க. சாவியை ஆட்டிக்கிட்டே 'நான் நடக்கிறவனா?'ன்னு கேட்கட்டும். கேமரா மெதுவா கீழே இறங்கட்டும். செருப்பெல்லாம் சேறு, வேட்டி ஓரத்தில் கரி. ஒரு செல்போன், ஒரு நாற்காலி, ஒரு வேட்டி போதும்.

எடுத்ததை முதலில் சேரியில் திரையிடுங்க. எங்கே சிரிக்கிறாங்க, எங்கே பேச்சு மூச்சில்லாம உட்கார்ந்திருக்காங்கன்னு பாருங்க. அதைப் பார்த்த பிறகு எடிட்டிங்கில் உட்காருங்க.