அலுமினிய உற்பத்தியும் தொழிலாளி வர்க்கத்தின் கடமையும்

(தில்லியில் தமிழ்த் தோழர்களுக்காக நடைபெற்ற கட்சிக் கல்வி வகுப்பில் ஆற்றப்பட்ட உரையின் எழுத்து வடிவம்)



தில்லியில் அலுமினியம் உருக்கப்படுவதில்லை. ஆயினும் எந்த ஆலை விற்கப்பட வேண்டும், எந்த மலை தோண்டப்பட வேண்டும் என்னும் முடிவுகள் இந்நகரில்தான் எடுக்கப்படுகின்றன. பொதுத்துறை நிறுவனமான பால்கோவின் 51 விழுக்காடு பங்குகளை ஸ்டெர்லைட் நிறுவனத்துக்கு 551.5 கோடி ரூபாய்க்கு விற்பதென வாஜ்பாய் அரசு முடிவு செய்தது. அதை எதிர்த்து மக்களவையில் கொண்டுவரப்பட்ட தீர்மானம் 2001 மார்ச் 1 அன்று 239க்கு 119 என்ற வாக்குகளில் தோற்கடிக்கப்பட்டது. மறுநாளே ஒப்பந்தம் கையெழுத்தானது. அதற்கடுத்த நாள் சத்தீஸ்கர் மாநிலம் கோர்பாவில் ஏறத்தாழ 7,000 தொழிலாளர்கள் வேலைநிறுத்தத்தில் இறங்கினர். 67 நாட்கள் நீடித்த அப்போராட்டம் பொதுத்துறைப் பாதுகாப்பு இயக்கத்தின் பெருமைக்குரிய அத்தியாயம். அவ்வாண்டு டிசம்பரில் உச்ச நீதிமன்றமும் விற்பனையைச் செல்லுமென்று அறிவித்துவிட்டது.

அந்நாளில் பால்கோவின் உற்பத்தித் திறன் ஆண்டுக்கு 1 லட்சம் டன். இன்று அதே கோர்பாவில் அதை 10 லட்சம் டன்னாக உயர்த்தும் விரிவாக்கம் நடைபெறுகிறது. “பார்த்தீர்களா, தனியார்மயத்தால்தான் வளர்ச்சி” என்கிறார்கள் ஆளும் வர்க்கத்தின் ஆதரவாளர்கள். இவ்வாதத்தை முழக்கத்தால் மட்டும் எதிர்கொள்ள முடியாது. அலுமினியத் தொழிலின் உட்கூறுகளைப் புரிந்துகொண்டே விடையளிக்க வேண்டும்.

உலோக வடிவிலான மின்சாரம்

ஏறத்தாழ 4 டன் பாக்சைட்டிலிருந்து 2 டன் அலுமினா கிடைக்கிறது; அதிலிருந்து 1 டன் அலுமினியம் பிரிக்கப்படுகிறது. 1886இல் கண்டறியப்பட்ட மின்பகுப்பு முறையே இன்றும் உலகெங்கும் கையாளப்படுகிறது. ஒரு டன்னுக்குச் சுமார் 14,000 யூனிட் மின்சாரம் செலவாகிறது. தமிழ்நாட்டில் ஒரு வீட்டுக்கு இரண்டு மாதத்துக்கு 100 யூனிட் கட்டணமின்றி வழங்கப்படுகிறது. அந்த அளவில் கணக்கிட்டால், ஒரு டன் அலுமினியம் விழுங்கும் மின்சாரம் அத்தகைய வீட்டுக்கு 23 ஆண்டுகளுக்குப் போதும்.

உற்பத்திச் செலவில் மூன்றிலொரு பங்கு, சில வேளைகளில் அதற்கும் மேல், மின்சாரத்துக்கே போகிறது. மின்சாரம் சில மணி நேரம் தடைபட்டால் தொட்டிகளில் உருகிய பொருள் உறைந்துவிடும். மீண்டும் இயக்குவதற்குப் பெருஞ்செலவாகும். ஆகவே இத்தொழிலில் ஆலையை யார் வைத்திருக்கிறார்கள் என்ற கேள்வி, நிலக்கரியையும் மின்சாரத்தையும் யார் வைத்திருக்கிறார்கள் என்ற கேள்வியேயாகும். பால்கோவை விற்றபோது உருக்காலை மட்டும் கைமாறவில்லை. 270 மெகாவாட் சொந்த அனல்மின் நிலையமும் சுரங்கங்களும் சேர்ந்தே கைமாறின. பின்னாளின் வளர்ச்சி அந்த அடித்தளத்தின் மேல் எழுந்தது. அதை அமைத்தது மக்களின் பணம்.

மேட்டூர் தரும் பாடம்

தமிழ்நாட்டுத் தோழர்களுக்கு இது புதிய செய்தியன்று. 1960களில் மேட்டூரில் நிறுவப்பட்ட மால்கோ ஆலை ஏற்காடு, கொல்லிமலைப் பகுதிகளின் பாக்சைட்டைக் கொண்டு இயங்கியது. 1995இல் அது ஸ்டெர்லைட் குழுமத்தின் கைக்குச் சென்றது. பின்னர் சொந்த அனல்மின் நிலையம் அமைக்கப்பட்டது. 2008 ஜூலையில் லண்டன் உலோகச் சந்தையில் டன்னுக்கு 3,300 டாலருக்கு மேல் உயர்ந்த அலுமினிய விலை, உலக நிதி நெருக்கடியால் 2009 தொடக்கத்தில் 1,300 டாலருக்கும் கீழே சரிந்தது. 2008 இறுதியில் மேட்டூர் உருக்காலை நிறுத்தப்பட்டது. ஆனால் அதனருகிலிருந்த மின்நிலையம் நிற்கவில்லை. மின்சாரத்தை வெளியில் விற்கும் தொழிலாக அது தொடர்ந்தது.

இதன் பொருளைத் தோழர்கள் ஊன்றிக் கவனிக்க வேண்டும். உலோகத்தைவிட மின்சாரம் அதிக இலாபம் தருமென்றால் மூலதனம் உலோகத்தைக் கைவிடும். ஆலையை நம்பி ஊரில் வேரூன்றிய தொழிலாளி என்ன ஆவான் என்பது அதன் கணக்கில் இடம்பெறாது.

இதே காட்சியை ஐரோப்பாவிலும் காணலாம். 2021, 2022 ஆண்டுகளில் மின்கட்டணம் ஏறியபோது ஸ்பெயினின் சான் சிப்ரியான் ஆலையில் உருக்குவது நிறுத்தி வைக்கப்பட்டது. ஸ்லோவாக்கியாவின் ஸ்லோவால்கோ ஆலை மூல உலோக உற்பத்தியைக் கைவிட்டது. உலக உற்பத்தியில் ஏறத்தாழ அறுபது விழுக்காட்டை வழங்கும் சீனா, மிகை உற்பத்தியைத் தடுக்க ஆண்டுக்கு 4.5 கோடி டன் என்று உற்பத்தித் திறனுக்கு வரம்பு விதித்துள்ளது. அங்கும் யுன்னான் மாகாணத்தில் நீர்மின்சாரம் குறைந்தபோது உருக்காலைகள் உற்பத்தியைக் குறைக்க நேர்ந்தது. அமெரிக்காவோ 2025 ஜூனில் அலுமினிய இறக்குமதி வரியை 50 விழுக்காடாக உயர்த்தியது. ஐரோப்பிய ஒன்றியம் 2026 தொடக்கம் முதல் கார்பன் வரியை நடைமுறைப்படுத்துகிறது. நிலக்கரியை நம்பி ஏற்றுமதிக்காக விரிவடையும் இந்திய ஆலைகளின் மேல் இவ்விரு சுமைகளும் விழும். சுமை விழும்போது முதலாளி முதலில் கைவைப்பது ஒப்பந்தத் தொழிலாளியின் மேல்தான்.

அத்தொழிலாளியின் உயிருக்கு என்ன மதிப்பென்பதை 2009 செப்டம்பர் 23 காட்டியது. பால்கோவின் மின்நிலைய விரிவாக்கத்துக்காகக் கோர்பாவில் எழுப்பப்பட்டு வந்த புகைபோக்கி சரிந்து 40 பேருக்கு மேல் மாண்டனர். பிழைப்புத் தேடிப் பிற மாநிலங்களிலிருந்து வந்த ஒப்பந்தத் தொழிலாளர்கள் அவர்களுள் பலர்.

மலையும் ஆலையும்

இனி, கட்சிக்குள்ளேயே எழும் கடினமான கேள்விக்கு வருவோம். ஆலையில் வேலை வேண்டுமென்கிறது தொழிற்சங்கம். மலையைத் தோண்டாதே என்கிறார்கள் ஆதிவாசி மக்கள். கட்சி எப்பக்கம் நிற்பது?

ஒடிசாவில் 2000 டிசம்பர் 16 அன்று காஷிப்பூர் பகுதியின் மைக்காஞ்ச் கிராமத்தில், அலுமினா ஆலைத் திட்டத்தை எதிர்த்த ஆதிவாசிகள் மூவர் காவல்துறையின் துப்பாக்கிச் சூட்டில் கொல்லப்பட்டனர். நியம்கிரி மலையின் பாக்சைட்டை நம்பி வேதாந்தா நிறுவனம் லாஞ்சிகரில் அலுமினா ஆலையை முதலில் கட்டிவிட்டது. மலைக்கான அனுமதியைப் பின்னர்க் கேட்டது. 2013 ஏப்ரல் 18 அன்று உச்ச நீதிமன்றம் கிராமசபைகளே முடிவு செய்ய வேண்டுமெனத் தீர்ப்பளித்தது. அவ்வாண்டிலேயே 12 கிராமசபைகளும் ஒரே குரலில் மறுத்தன. டோங்கிரியா கோந்து மக்களின் அந்த மறுப்பு வன உரிமைச் சட்டத்தின் வலிமையை நாட்டுக்கு உணர்த்தியது. அச்சட்டம் 2006இல் நிறைவேறியதில் இடதுசாரிகளின் பங்கு சிறிதன்று.

அலுமினியம் வேண்டாமென்று கட்சி சொல்லவில்லை. கிராமத்துக்கு மின்சாரம் கொண்டு செல்லும் கம்பியும் அலுமினியமே. ஆனால் ஆலையை முதலில் எழுப்பிவிட்டு, ‘வேலை போய்விடும்’ என்று தொழிலாளியைக் காட்டி ஆதிவாசியை மிரட்டுவது மூலதனத்தின் தந்திரம். சந்தை சரிந்தால் அதே தொழிலாளியைத் தெருவில் நிறுத்துவதும் அதே மூலதனம். மேட்டூர்த் தொழிலாளியையும் நியம்கிரி ஆதிவாசியையும் எதிரெதிராக நிறுத்துவது அவர்களது நலனன்று. இருவரையும் முடிவெடுக்கும் இடத்திலிருந்து விலக்கி வைத்திருப்பவரின் நலனே.

நால்கோவும் நெய்வேலியும்

ஆண்டுக்கு ஏறத்தாழ 42 லட்சம் டன் உற்பத்தியுடன் இந்தியா உலகில் இரண்டாம் இடத்தில் உள்ளது. 2001 விற்பனைக்கு முன் உற்பத்தித் திறனில் ஏறத்தாழ பாதி பொதுத்துறையிடம் இருந்தது. இன்று எஞ்சியிருப்பது 4.6 லட்சம் டன் திறனுள்ள நால்கோ மட்டுமே. மற்றவை வேதாந்தா, ஹிண்டால்கோ என்னும் இரு பெருங்குழுமங்களின் கையில். நால்கோவில் 87.15 விழுக்காடாக இருந்த அரசின் பங்கு, சிறிது சிறிதாக விற்கப்பட்டு 51.28ஆகத் தேய்ந்துள்ளது.

ஆனால் இவ்விற்பனை தடுக்கவியலாத விதியன்று. 2006 ஜூனில் நெய்வேலி நிலக்கரி நிறுவனத்திலும் நால்கோவிலும் 10 விழுக்காடு பங்குகளை விற்க மத்திய அரசு முடிவெடுத்தது. நெய்வேலித் தொழிலாளர்கள் கிளர்ந்தெழுந்தனர்; இடதுசாரிகள் எதிர்த்தனர்; திமுகவும் எதிர்ப்புத் தெரிவித்தது. 2006 ஜூலையில் பங்கு விற்பனை முடிவுகள் அனைத்தையும் அரசு நிறுத்தி வைத்தது. நெய்வேலியில் நடந்த போராட்டம், அங்குலிலும் தாமன்ஜோடியிலும் உழைத்த நால்கோ தொழிலாளர்களையும் அன்று காத்தது.

ஆகவே கோரிக்கைகள் தெளிவானவை. நால்கோவின் பங்குகள் இனி ஒன்றுகூட விற்கப்படக் கூடாது. அங்குலில் திட்டமிடப்பட்டுள்ள 5 லட்சம் டன் புதிய உருக்காலை பொதுத்துறையிலேயே அமைய வேண்டும். கிராமசபையின் ஒப்புதலுக்குப் பின்னரே ஆலைக்கு அடிக்கல் நாட்டப்பட வேண்டும். உற்பத்தியை நிறுத்தும் நிறுவனம் சொந்த மின்நிலையத்தால் இலாபம் ஈட்டும் வரை ஆலைத் தொழிலாளர்களின் ஊதியத்துக்குப் பொறுப்பேற்க வேண்டும். ஒப்பந்தத் தொழிலாளர்களை நிரந்தரமாக்க வேண்டும். பழைய அலுமினியத்தை மறுபடி உருக்க, புதிதாகப் பிரிப்பதற்கு ஆகும் மின்சாரத்தில் ஏறத்தாழ 5 விழுக்காடே போதும். முறைசாராத் தொழிலாளர்கள் நிறைந்த அத்துறைக்கு அரசு முதலீடும் சட்டப் பாதுகாப்பும் வேண்டும்.

தோழர்களே, கோர்பாவின் வேலைநிறுத்தமும் நியம்கிரியின் கிராமசபைகளும் தனித்தனியே நடந்தன. அடுத்த ஆலைக்கான திட்டம் தில்லியில் தீட்டப்படும்போது தொழிற்சங்கமும் ஆதிவாசி அமைப்பும் ஒரே கோரிக்கைப் பட்டியலுடன் ஒரே மேடையில் நிற்க வேண்டும். அம்மேடையை அமைப்பதே கட்சி உறுப்பினர்களின் உடனடிக் கடமை.