பாட்டுக்கு யார் பயப்படுறாங்க?

(ராயபுரத்தில் நடந்த பகுதி இளைஞர் கூட்டத்தில் நம் ஐ.டி. அணித் தோழர் பேசியதன் எழுத்து வடிவம். முழுசா படிங்க, பகிருங்க.)



எந்தக் கட்சிக் கூட்டத்துக்குப் போனாலும் ஒரு அறிவிப்பு கேட்கலாம். "தலைவர் வந்துகொண்டிருக்கிறார், அதுவரை கலை நிகழ்ச்சி." பறை அடிப்பாங்க, கானா பாடுவாங்க, கூட்டம் சேரும். தலைவர் வண்டி தெருமுனையில திரும்பினதும் பாதிப் பாட்டுல மைக் கை மாறிடும். பாடினவர் பேர் என்னன்னு யாருக்கும் தெரியாது. நோட்டீஸ்லயும் இருக்காது.

இன்னைக்கு நான் பேச வந்தது இதைப் பத்தித்தான். கலைஞனை டைம்பாஸ்னு நினைக்கிற பழக்கம் நம்மகிட்ட இருக்கு. ஆனா ஆட்சியில் இருந்தவங்க ஒருநாளும் அப்படி நினைச்சதில்லை. பாட்டோட பலம் என்னன்னு அவங்களுக்கு நல்லா தெரியும்.

வெள்ளைக்காரன் 1876லேயே நாடகத்தைத் தடுக்க தனியா ஒரு சட்டம் போட்டான். யோசிச்சுப் பாருங்க. கையில துப்பாக்கி இருக்கு, ராணுவம் இருக்கு, நம்ம துறைமுகமே அவன் கையில இருக்கு. அப்படிப்பட்டவன் மேடையில வேஷம் கட்டி நிக்கிறவனைப் பார்த்து பயந்திருக்கான்.

அவன் பயந்த ஆள்ல ஒருத்தர்தான் சிவகாசியில பிறந்த எஸ்.எஸ். விஸ்வநாததாஸ். நாடக நடிகர். மருத்துவர் சமூகம், அதாவது முடிதிருத்துபவர்கள்னு சொல்லி ஊர் ஒதுக்கி வெச்ச சமூகம். அவர்கூட ஜோடி சேர்ந்து நடிக்க மாட்டோம்னு சொன்ன நடிகைகள் இருந்தாங்க. வெளியில வெள்ளைக்காரன், உள்ளே சாதி. ரெண்டு பக்கமும் அடி.

ஆனாலும் பாடினார். வள்ளி திருமணம் நாடகம். தினைப்புனத்துல பறவை விரட்டுற காட்சி எல்லாருக்கும் தெரிஞ்ச பழைய கதைதான். அதுக்குள்ள வெள்ளைக் கொக்கைப் பத்தி ஒரு பாட்டு வரும். அந்தக் கொக்கு யாருன்னு கடைசி வரிசையில தரையில உட்கார்ந்திருக்கிற பாட்டிக்கும் தெரியும், கேஸ் போட வந்த போலீஸ்காரனுக்கும் தெரியும். ஜாலியன்வாலாபாக் படுகொலையும் இப்படித்தான் பாட்டா தமிழ்நாட்டு மேடை ஏறுச்சு. மதுரகவி பாஸ்கரதாஸ் மாதிரியான பாடலாசிரியர்கள் எழுதிக் கொடுத்தாங்க. பேப்பர் படிக்கத் தெரியாத ஊருக்கு பஞ்சாப் செய்தி போய்ச் சேர்ந்தது அந்த மேடை வழியாத்தான். இன்னைக்கு நாம ஃபார்வர்டு பண்றோமே, அந்த வேலையை அவங்க தொண்டையால செஞ்சாங்க.

விஸ்வநாததாஸ் பல தடவை சிறைக்குப் போனார். கடனாளி ஆனார். 1940 டிசம்பர் 31 அன்னைக்கு நம்ம சென்னையில, ராயல் தியேட்டர் மேடையில, முருகன் வேஷத்துல மயில் ஆசனத்துல உட்கார்ந்து பாடிக்கிட்டிருக்கும்போதே உயிர் போச்சு. சுதந்திரம் வர இன்னும் ஆறரை வருஷம் இருந்துச்சு.

சரி, வெள்ளைக்காரன் போனதும் அந்த பயம் போச்சா? போகலை. 1954ல சென்னை மாகாணத்துல இன்னொரு நாடகச் சட்டம் வந்துச்சு. நடிகவேள் எம்.ஆர். ராதாவோட நாடகங்களை நிறுத்தத்தான் அந்தச் சட்டம்னு ஊருக்கே தெரியும். எழுத்தாளர் ஞாநி வழக்கு போட்டு, 2013ல சென்னை உயர் நீதிமன்றம் அதன் முக்கியப் பிரிவுகள் செல்லாதுன்னு சொல்ற வரைக்கும் அது புத்தகத்துல உயிரோட இருந்துச்சு. ஆட்சி மாறினாலும் பாட்டு மேல இருக்கிற பயம் மாறாது. இதை நாமும் ஞாபகம் வெச்சுக்கணும்.

கடல் தாண்டிப் பார்த்தாலும் இதே கதைதான். அமெரிக்காவுல பால் ராப்சன்னு ஒரு கறுப்பினப் பாடகர். அவர் அப்பா அடிமையா இருந்து தப்பிச்சவர். கறுப்பின மக்களுக்கு நியாயம் கேட்டுப் பாடினார், தொழிலாளர் மேடையில ஏறிப் பாடினார். 1950ல அரசாங்கம் அவர் பாஸ்போர்ட்டைப் பிடுங்கிருச்சு. 1952ல கனடா எல்லைக்குப் போய், எல்லையைத் தாண்டாம, லாரி மேல நின்னு அந்தப் பக்கம் நிக்கிற ஜனத்துக்கும் கேட்கிற மாதிரி பாடினார்.

இன்ஜினியரிங் படிச்சவனா எனக்குப் பிடிச்சது அடுத்து நடந்ததுதான். 1956ல அட்லாண்டிக் கடலுக்கு அடியில முதல் டெலிபோன் கேபிள் போட்டாங்க. அடுத்த வருஷமே அந்த கேபிள் வழியா ராப்சன் பாடினார். அந்தப் பக்கம் கேட்டவங்க யாரு தெரியுமா? வேல்ஸ் நாட்டு சுரங்கத் தொழிலாளிங்க. ஆளைத் தடுத்தாங்க, குரலைத் தடுக்க முடியலை. 1958லதான் பாஸ்போர்ட் திரும்பக் கிடைச்சுது.

தென்னாப்பிரிக்காவுல அப்போ போர்ட் எலிசபெத்னு பேர் இருந்த ஒரு ஊர். நம்ம ராயபுரம் மாதிரியே துறைமுகத்தை நம்பி வாழற ஊர். அங்க வுயிசில் மினின்னு ஒருத்தர். துறைமுகத் தொழிலாளர் சங்கத்துச் செயலாளர். அவரேதான் பாட்டு கட்டுறவரும். நிறவெறி ஆட்சியோட பிரதமரைப் பேர் சொல்லி எச்சரிச்சு அவர் கட்டின பாட்டு நாடு முழுக்கப் பரவுச்சு. 1964 நவம்பர் 6ஆம் தேதி அவரைத் தூக்குல போட்டாங்க. தூக்குமேடைக்கும் பாடிக்கிட்டேதான் போனார். அவர் பாட்டை அதுக்கப்புறமும் நிறவெறி ஆட்சி முடியிற வரைக்கும் ஜனங்க தெருவுல பாடினாங்க.

தோழர்களே, இனி நம்ம மண்ணுக்கு வருவோம்.

"புறம்போக்கு"ன்னா என்ன? நம்ம ஏரியாவுல கெட்ட வார்த்தை, திட்டுறதுக்குப் பயன்படுத்துறோம். ஆனா அதோட உண்மையான அர்த்தம் வரி விதிக்காத பொது நிலம். ஏரி, கழி, மேய்ச்சல் தரை, கடற்கரை. எல்லாருக்கும் சொந்தமானது. 2017 ஜனவரியில டி.எம். கிருஷ்ணா சென்னை புறம்போக்கு பாடலை எண்ணூர்ல நின்னு பாடினார். எழுதினது கபேர் வாசுகி. சபாவுல கேட்கிற கர்நாடக இசை, நம்ம மெட்ராஸ் பாஷை, பின்னாடி சாம்பல் கொட்டின கழிமுகம். எண்ணூர் எந்தத் திசையில இருக்குன்னு தெரியாதவங்க கூட கொசஸ்தலை ஆத்துல சாம்பல் கலக்குறதைப் பார்த்தாங்க.

அதே ஜனவரி 28ஆம் தேதி எண்ணூர் பக்கத்துல ரெண்டு கப்பல் மோதி எண்ணெய் கொட்டுச்சு. நம்ம மீனவர்களும் மாணவர்களும் பக்கெட்டால அள்ளினாங்க. 2023 டிசம்பர்ல மிக்ஜாம் வெள்ளத்தோட மறுபடியும் எண்ணெய் வந்து கழிமுகத்துல படிஞ்சுது. அதே மாசம் 26ஆம் தேதி ராத்திரி பெரியகுப்பத்துல அம்மோனியா கசிஞ்சு, குழந்தையைத் தூக்கிக்கிட்டு ஜனம் இருட்டுல ஓடுச்சு.

பாட்டு ஆலையை மூடலையே, எண்ணெயை நிறுத்தலையேன்னு கேட்பாங்க. நியாயமான கேள்விதான். பாட்டு தனியா எதையும் நிறுத்தாது. விஸ்வநாததாஸ் பாட்டு மட்டும் சுதந்திரம் வாங்கித் தரலை. ஆனா "இது உங்க தலையெழுத்து"ன்னு சொல்லி வெச்சிருக்கிற ஒண்ணை "இது அநியாயம்"னு முதல்ல பேர் சொல்லிக் கூப்பிடுறது பாட்டு. பேர் வெச்சதுக்கு அப்புறம்தான் மனு, வழக்கு, போராட்டம் எல்லாம்.

கானாவும் அப்படித்தான். சாவு வீட்டுப் பாட்டு, ரவுடிப் பாட்டுன்னு ஒதுக்கினாங்க. 2018 ஜனவரியில இயக்குநர் பா. ரஞ்சித்தும் இசையமைப்பாளர் டென்மாவும் சேர்ந்து உருவாக்கின தி கேஸ்ட்லெஸ் கலெக்டிவ் கீழ்ப்பாக்கத்துல மேடை ஏறுச்சு. அயோத்திதாச பண்டிதரோட "சாதிபேதமற்ற" என்ற சொல்லுல இருந்து எடுத்த பேர் அது. அந்த மேடையில பாடின இசைவாணி இதே ராயபுரத்துப் பொண்ணு. ஆம்பளைங்க பாட்டுன்னு சொன்ன கானாவைப் பாடி, 2020ல பிபிசியோட 100 பெண்கள் பட்டியல்ல இடம்பிடிச்சாங்க.

இனி நம்ம வேலை என்ன? நான் கேட்கிறது நாலு விஷயம்.

ஒண்ணு. நோட்டீஸ்லயும் போஸ்டர்லயும் கலைஞர் பேர் இருக்கணும். கூலியை மேடை இறங்கினதும் கையில கொடுக்கணும். "பார்த்துக்கலாம் தம்பி" கூடாது.

ரெண்டு. இது ஐ.டி. அணிக்கு. நம்ம ரீல்ஸ் பின்னாடி ஓடுற பறையும் கானாவும் யாரோ ஒருத்தர் உழைப்பு. கேட்டு எடுங்க, பேர் போடுங்க. பாடுறவங்களுக்கு, முக்கியமா பெண்களுக்கு, மிரட்டலும் அவதூறும் வரும்போது ஸ்கிரீன்ஷாட், புகார், வக்கீல்னு முதல் ஆளா நாம நிக்கணும்.

மூணு. நம்ம தெருவுல இருக்கிற வயசான கானாக்காரங்க பாட்டை இப்பவே பதிவு பண்ணுங்க. கையில போன் இருக்கு. எழுதி வைக்காத பாட்டு அவங்களோடவே போயிடும்.

நாலாவதுதான் கஷ்டமானது. அவங்க நம்மளையும் கேள்வி கேட்டுப் பாடுவாங்க. நம்ம கவுன்சிலரை, நம்ம தலைமையை, ஏன், நம்மளையே கேட்பாங்க. அப்போ மைக்கை ஆஃப் பண்ணாதீங்க. அடுத்தவனைத் திட்டும்போது கைதட்டிட்டு நம்மளைக் கேட்கும்போது ஒயரைப் பிடுங்கினா, நமக்கும் 1876ல சட்டம் போட்டவனுக்கும் என்ன வித்தியாசம்?

இன்னைக்கு இங்க பறை வாசிக்க வந்திருக்கிற தோழர்கள்கிட்ட மைக்கைக் கொடுக்கிறேன். முழுசா வாசிக்கட்டும். நாம உட்கார்ந்து கேட்போம்.



#கலைஞர்களோடு_நிற்போம் #வடசென்னை